மிச்சமிருக்கும் பெயர்கள்

எங்க தெருவுல கோர்ட்டுக்குப் போகாத வீடு இல்ல. சாட்சியாப் போன வீடு ஒண்ணுன்னா எதிரியாப் போன வீடு ரெண்டு. ஊர்க்காரன் மேல கேசு போட்டா மறுநாளே நம்ம பசங்க மேல எதிர்க்கேசு விழும். கூட நின்னவன் விடுதலையானா மிச்சமிருக்கிறவன் கதி என்ன என்ற கேள்வியை ரெண்டு கூண்டிலும் நின்று கேட்டவர்கள் நாங்கள்.

என் சித்தப்பா ஒரு வெட்டு வழக்கில் கண்ணால் கண்ட சாட்சி. பதினோரு பேரைச் சொன்னார். நாலு பேரை செஷன்ஸ் கோர்ட்டு விட்டுவிட்டது. அன்னைக்குச் சாயங்காலமே டீக்கடையில பேச்சு: "நாலு பேர் விஷயத்துல பொய் சொன்னவன், ஏழு பேர் விஷயத்துல மட்டும் நெசம் சொல்லியிருப்பானா?" அப்பீலில் அவர்களுடைய வக்கீலும் இதையேதான் இங்கிலீஷில் சொன்னார்.

சித்தப்பா என்னிடம் கேட்டார்: "நான் பொய் சொன்னேன்னு தீர்ப்புல எங்கடா எழுதியிருக்கு? படிச்சுக் காட்டு." படித்தேன். அப்படி ஒரு வரி இல்லை. அந்த நாலு பேருக்கும் சந்தேகத்தின் பலன் தரப்படுகிறது என்றுதான் இருந்தது.

சட்டமும் அதைத்தான் சொல்கிறது. ஒன்று பொய்யானால் எல்லாம் பொய் என்ற விதியை நம் நீதிமன்றங்கள் ஏற்பதில்லை. பதரைத் தூற்றி நெல்லை எடு என்பதுதான் உச்சநீதிமன்றத்தின் பேச்சு. 1997 மேலவளவுப் படுகொலையில் குற்றம் சாட்டப்பட்டவர்கள் 40 பேர். 2001இல் 23 பேர் விடுதலை, 17 பேருக்கு ஆயுள். அந்த 23, இந்த 17ஐக் காப்பாற்றவில்லை. 2006இல் உயர்நீதிமன்றமும் 2009இல் உச்சநீதிமன்றமும் தண்டனையை உறுதி செய்தன.

ஆனாலும் ஓட்டை உண்டு. கூட்டமாக வந்து அடித்தால் எல்லோரும் பொறுப்பு என்பது பழைய 149ஆம் பிரிவு. 2024 ஜூலையிலிருந்து புதுச் சட்டத்தில் 190. அதற்கு ஐந்து பேராவது வேண்டும். ஆறு பேரில் ரெண்டு பேர் விடுதலையானால் மிச்சம் நாலு. அடையாளம் தெரியாத வேறு ஆட்களும் வந்தார்கள் என்று வழக்கிலும் சாட்சியத்திலும் இல்லாவிட்டால் அந்தப் பிரிவே விழுந்துவிடும். சதி வழக்கிலும் இதே கதைதான். ஒருத்தன் தனக்குத்தானே சதி செய்ய முடியாது.

இன்னொன்றும் உண்டு. ஒரே சாட்சி, ஒரே மாதிரிக் குற்றச்சாட்டு என்றால் ஒருவனை விட்டு மற்றவனைத் தண்டிக்கக் கூடாது என்று 2023இல் ஒரு குஜராத் வழக்கில் உச்சநீதிமன்றம் சொன்னது. அப்பீலே போடாதவர்களையும் விடுவித்தது. இதை நான் குறை சொல்ல மாட்டேன். அப்பீலுக்குக் காசில்லாமல் உள்ளே கிடக்கும் நம்ம பையன்களுக்கும் இதுதான் கதவு.

அப்போ நம்ம வேலை எங்கே? முதல் நாள் ஸ்டேஷனில். "எல்லோரும் ஆயுதங்களோடு சேர்ந்து தாக்கினார்கள்" என்று ஏட்டு ஒரே வரியில் எழுதி முடிப்பார். ஒருவனை விட்டால் மற்றவனையும் விடச் சொல்லும் வரி அது. எவன் கையில் அரிவாள், எவன் கையில் கம்பு, எவன் வெட்டினான், எங்கே பட்டது, பேர் தெரியாதவர்கள் எத்தனை பேர் என்று சாட்சி தன் வாயால் சொன்னது சொன்னபடி ஏற வேண்டும். பார்க்காதவன் பேர் ஒன்றுகூட ஏறக்கூடாது. விடுதலையை எதிர்த்து அரசு அப்பீல் போகாவிட்டால், பாதிக்கப்பட்டவரே போகலாம். 2009 டிசம்பர் 31 முதல் அந்த உரிமை இருக்கிறது. உண்மை அறியப் போகும் தோழர்கள் இதையும் சேரியில் சொல்லிவிட்டு வரவேண்டும்.