சாப்பாட்டு மேஜையில் ஒரு படம்

சித்திரக் கதை என்றால் குழந்தைகள் சமாசாரம் என்று ஒதுக்குகிறவர்களில் நானும் ஒருத்தி. என் அக்காள் மகள், பத்து வயசுப் பெண், "சித்தி, இதைப் படித்துப் பாரேன்!" என்று ஒரு ஜப்பானியப் புத்தகத்தை மடியில் போட்டபோது, அடுப்பில் குழம்பு கொதிக்கிறது என்று தட்டிக் கழிக்கத்தான் பார்த்தேன். வலப்புறத்திலிருந்து இடப்புறமாகப் படிக்க வேண்டிய புத்தகம் வேறு!

'கார்ட்காப்டர் சகுரா' என்று பெயர். 'க்ளாம்ப்' என்ற பெயரில் சேர்ந்து எழுதி வரைகிற நான்கு பெண்மணிகள், 1996 முதல் 2000 வரை சிறுமிகளுக்கான மாதப் பத்திரிகை ஒன்றில் தொடராக வெளியிட்டார்கள். 12 புத்தகங்களாகவும் வந்திருக்கிறது. சகுரா என்ற சிறுமி, அப்பாவின் புத்தக அறையில் ஒரு பழைய புத்தகத்தைத் திறந்து விடுகிறாள். உள்ளே இருந்த மந்திரச் சீட்டுகள் பறந்தோடி விடுகின்றன. காற்று, நீர், நிழல் என்று ஒவ்வொரு சீட்டுக்கும் ஒரு சக்தி. எல்லாவற்றையும் தேடிப் பிடிக்க வேண்டியது அவள் பொறுப்பு. பேய் என்றாலே நடுங்குகிற பெண்ணுக்கு இந்த வேலை, பாருங்கள்!

இம்மாதிரிக் கதைகளில் கதாநாயகி ஒரு சுற்றுச் சுற்றினால் உடை தானாக மாறிவிடும். சகுராவுக்கு அந்தப் பாக்கியம் கிடையாது. அவள் சிநேகிதி தோமோயோதான் விதவிதமாகத் தைத்துக் கொடுக்கிறாள். அப்புறம் காமிராவும் கையுமாகப் பின்னாலேயே போய்ப் படமும் பிடிக்கிறாள். தையல் மெஷினோடு மல்லுக்கட்டிய சகோதரிகளுக்கு இந்தத் தோமோயோவை ரொம்பப் பிடிக்கும்.

அது கிடக்கட்டும். நான் சொல்ல வந்தது அந்த வீட்டுச் சாப்பாட்டு மேஜையைப் பற்றி. சகுராவுக்கு மூன்று வயதிலேயே தாயார் போய்விட்டாள். அப்பா, அண்ணன், சகுரா மூவரும் முறை வைத்துக்கொண்டு சமைக்கிறார்கள். மேஜை மேல் அம்மாவின் படம். அப்பா அவ்வப்போது வேறு படம் மாற்றி வைக்கிறார். காலையில் இறங்கி வந்ததும் சகுரா அந்தப் படத்துக்கு வணக்கம் சொல்லிவிட்டுத்தான் சாப்பிட உட்காருகிறாள்.

"பார்த்தாயா, சித்தி? இவள் அம்மா படத்துக்கு மாலையே இல்லை" என்றாள் குழந்தை.

அக்காள் போய் நாலு வருஷமாகிறது. அவள் படம் எங்கள் கூடத்தில், குழந்தைக்கு எட்டாத உயரத்தில், சந்தன மாலையோடு தொங்குகிறது. அழுவாளே என்று குழந்தை எதிரில் நாங்கள் அக்காள் பேச்சையே எடுத்ததில்லை. அந்தப் படத்தைக் கடக்கும்போது அவள் தலையைக் குனிந்துகொண்டு போவதை நானும் பார்த்திருக்கிறேன். பார்த்து என்ன செய்தேன்?

அன்று ராத்திரி பெட்டியைக் குடைந்து பழைய ஆல்பத்தை எடுத்தேன். கன்னியாகுமரிக் கடற்கரையில், காற்றில் தலைப்புப் பறக்க, அக்காள் வாய்விட்டுச் சிரிக்கிற படம் ஒன்று. காலையில் அதை மேஜையில் வைத்துவிட்டு, தோசை வார்க்கிற சாக்கில் உள்ளேயே நின்றுவிட்டேன்.

சிறிது நேரம் சத்தமே இல்லை. பிறகு குரல் கேட்டது: "சித்தி! அம்மாவுக்கும் என்னை மாதிரியே தெற்றுப்பல்லா?"

இந்த வாரம் மேஜையில் இருப்பது, அக்காள் பள்ளிக்கூட நாடகத்தில் மீசை ஒட்டிக்கொண்டு நிற்கிற படம். நான் வைத்ததில்லை. அவளே தேடி எடுத்தது.