அடைத்துக் கிடந்த குரல்

அம்மா போன பிறகு ஆறு மாதமாக எனக்குப் பாட்டே வரவில்லை. வாயைத் திறந்தால் தொண்டை அடைத்தது.

அப்போதுதான் ஆல்ஃபிரெட் வுல்ஃப்சோனைப் பற்றிப் படித்தேன். 1896இல் பெர்லினில் பிறந்த யூதர். முதல் உலகப் போரில் காயம்பட்டவர்களைச் சுமந்தவர். போர் முடிந்தும், சாகக் கிடந்த வீரர்களின் அலறல் அவர் காதை விட்டுப் போகவில்லை. அந்த அலறலையே தன் தொண்டையில் எழுப்பி எழுப்பித் தேறினார். பிறகு லண்டனில், இனிய குரலை மட்டுமல்ல, உடைந்த குரலையும் உறுமலையும்கூடப் பாட்டாக்கக் கற்றுக்கொடுத்தார்.

நேற்று இரவு கதவைச் சாத்திக்கொண்டு அம்மாவின் தாலாட்டை எடுத்தேன். சுருதி சேரவில்லை. பாதியில் அழுகையாக உடைந்தது. நிறுத்தாமல் பாடி முடித்தேன். அழுததும் என் குரல்தானே!

உங்களுக்குள்ளும் அப்படியொரு குரல் அடைத்துக் கிடக்கலாம். கொஞ்சம் வெளியே விடுங்கள்.