கைபிடித்துப் பேசும் தெய்வம்

வடமலபாரில் துலாம் மாதம் பத்தாம் தேதி, ஏறக்குறைய நம் ஐப்பசிப் பத்து, வந்துவிட்டால் காவு என்னும் தெய்வத் தோப்புகளில் தெய்யம் என்னும் சடங்காட்டம் தொடங்கிவிடும். அன்றிலிருந்து பருவமழை இறங்கும்வரை கண்ணூர், காசர்கோடு மாவட்டங்களில் எங்காவது ஒரு காவிலோ தறவாடு என்னும் பழைய குடும்ப வீட்டின் முற்றத்திலோ இரவெல்லாம் செண்டை கேட்டுக்கொண்டே இருக்கும். நானூறு வகைத் தெய்யங்கள் வரை உண்டு என்கிறார்கள். காளி, விஷ்ணு, நாகம், புலி, சண்டையில் விழுந்த வீரன், அநியாயமாகச் செத்த பெண் என்று எல்லோருக்கும் அங்கே கோலம் உண்டு.

தெய்யம் பார்க்க மங்களூர் மெயிலில் போனால் பையனூருக்குச் சற்று முன்பு மேற்கே ஏழிமலை தெரியும். சங்கப் பாடல்களில் நன்னன் என்னும் மன்னனின் மலையாக வரும் அதே மலை. இப்போது அங்கே கடற்படை அகாதமி இருக்கிறது. தை மாத வெயிலில் ஜன்னலோரம் உட்கார்ந்து அதைப் பார்த்தபோது, வேற்று நிலத்துக்குப் போகிறோம் என்ற எண்ணமே எனக்கு வரவில்லை.

நான் போன காவு ஒரு குடும்பக் காவு. முந்திய நாளே தோற்றம் பாடி முடித்திருந்தார்கள். தெய்வம் பிறந்த கதையையும், பட்ட பாட்டையும், எந்தெந்த ஊர் வழியாக இங்கே வந்து குடியேறியது என்பதையும் சொல்லி அழைக்கிற பாட்டு அது. கோலம் கட்டும் அணியறை தென்னங்கீற்றால் வேய்ந்த சிறு கொட்டகை. உள்ளே கோலக்காரர் ஓலைப்பாயில் மல்லாந்து கண்மூடிப் படுத்திருந்தார். தலைமாட்டில் சம்மணமிட்டிருந்த இளைஞர் தென்னை ஈர்க்கால் அவர் முகத்தில் எழுதிக்கொண்டிருந்தார். எழுதுவது என்றுதான் அங்கே சொல்கிறார்கள், முகத்தெழுத்து. அரிசி மாவு, மஞ்சள், விளக்குக் கரி, சாயில்யம் என்னும் செந்தூரச் சிவப்பு. கண்ணைச் சுற்றிக் கரிய பட்டை வந்தது, கன்னத்தில் மயிர்க்கோடு போல மெல்லிய சிவப்புச் சுருள்கள் வந்தன. மணிக்கணக்காக நீண்ட வேலை. ஒரு ஈ வந்து உதட்டோரம் உட்கார்ந்தது. படுத்திருந்தவர் அசையவில்லை. எழுதுகிறவர் ஊதி விரட்டிவிட்டு விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தார்.

கடைசியில் பீடத்தில் உட்காரவைத்து முடி கட்டுகிறார்கள். மூங்கிலும் துணியும் குருத்தோலையுமாக ஆள் உயரத்தைத் தாண்டும் முடி. கட்டி முடிந்ததும் கையில் ஒரு சிறு கண்ணாடி கொடுக்கப்படுகிறது. அதில் தன் முகத்தைப் பார்க்கிற நொடியிலிருந்து அவர் பகவதி. தெய்யத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் இந்தக் கண்ணாடியிலேயே நின்றுவிடுகிறார்கள். அதற்குப் பின்னால் வாளும் பரிசையுமாகக் காவைச் சுற்றி ஆடுகிற ஆட்டம், தீப்பந்த வெளிச்சத்தில் கண்ணைப் பறிப்பது உண்மைதான். ஆனால் ஊர்க்காரர்கள் காத்திருந்தது ஆட்டம் முடிவதற்காக.

ஆட்டம் அடங்கியதும் வரிசை நின்றது. பகவதி ஒவ்வொருவர் கையையும் பிடித்து, உள்ளங்கையில் மஞ்சள்குறி கொடுத்து, பேசத் தொடங்கினாள். எனக்கு முன்னால் நின்ற அம்மாவின் மகனுக்குத் துபாயில் வேலை போய்விட்டது. வீடு பேங்க் கடனில் இருந்தது. அவர் அதையெல்லாம் விம்மலுக்கு நடுவே ஒவ்வொன்றாகச் சொன்னார். தெய்யம் குறுக்கே பேசவில்லை. கேட்டு முடித்த பிறகு பழைய மலையாளத்தில், இழுத்து இழுத்து, நான் கைவிட மாட்டேன் என்பதைப் பல விதமாகச் சொன்னது. அந்த அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு தலையாட்டினார். அவ்வளவு கனத்தைத் தலையில் சுமந்துகொண்டு, கடைசி ஆள் போகும்வரை அந்த மனிதர் அப்படியே நின்று கேட்டார். தெய்வம் காதருகே வருவதற்காகத்தான் இத்தனை எழுத்தும் முடியும் ஆட்டமும் என்று அன்று எனக்குப் பட்டது.

கேட்பவர் யார் என்பதில்தான் இந்தச் சடங்கின் பலம் இருக்கிறது. கோலம் கட்டும் உரிமை வண்ணான், மலையன், வேலன், மாவிலன், புலையன் போன்ற சாதிகளுடையது. கண்ணில் பட்டாலே தீட்டு என்று ஒதுக்கிவைத்த நாட்டில், அந்தச் சாதிகளில் பிறந்த மனிதனின் காலில் நாயர் தறவாட்டுத் தலைவர் விழுந்து குறை சொல்லியிருக்கிறார். பொட்டன் தெய்யம் இதை நேராகவே பேசுகிறது. சங்கராச்சாரியாருக்கு வழிவிட மறுத்த சண்டாளனின் கதை அது. உன் உடம்பிலும் என் உடம்பிலும் ஓடுவது ஒரே ரத்தம்தானே என்று வாதாடி, கடைசியில் சிவனாகத் தெரிகிறவன். குருத்தோலை உடுத்திய பொட்டன் எரிந்து சிவந்த கங்குமேட்டில் போய் மல்லாந்து விழுவான். குளிர்கிறதே என்பான். அதைப் பார்த்த இரவில் நான் நின்ற இடத்திலேயே முகம் காந்தியது. பக்கத்தில் இருந்தவர்கள் அவனை இழுத்து எழுப்பினார்கள், அவன் மறுபடியும் போய் விழுந்தான். விடிந்து முடி இறங்கிய பிறகு அந்த மனிதருக்கு ஊரில் பழைய இடம்தான் என்ற நிலை நெடுங்காலம் இருந்தது. அந்த அநியாயத்தைச் சொல்லாமல் தெய்யத்தைப் போற்றுவது எனக்குச் சரியாகப் படவில்லை.

நமக்கு இது அந்நியமானதல்ல. மகள் மெலிந்து வாடினால் தாய் வேலன் என்னும் பூசாரியை அழைத்து வெறியாட்டு நடத்திக் காரணம் கேட்டதைச் சங்க அகப்பாடல்கள் திரும்பத் திரும்பச் சொல்கின்றன. நெல்லைச் சீமையில் சுடலைமாடன் கொடையில் கோமரத்தாடி திருநீறு பூசிக் குறி சொல்வதும் அந்த வழிதான். பெருங்கோயில் நடனத்துக்கு வேறு கதி வந்தது. ராஜராஜன் தஞ்சைப் பெரிய கோயிலுக்கு தளிச்சேரிப் பெண்டிர் எனப்பட்ட 400 ஆடற்பெண்களை ஊர் ஊராகக் கொண்டுவந்து வீடு கொடுத்துக் குடியமர்த்தியதைக் கல்வெட்டு சொல்கிறது. 1947இல் சென்னை மாகாணச் சட்டம் பொட்டுக்கட்டும் வழக்கத்தை நிறுத்தியது. நிறுத்த வேண்டிய கொடுமைகள் அதில் இருந்தன. ஆட்டம் சபா மேடைக்குப் போனது, கோயிலுக்குள் அதன் இடம் காலியானது.

தெய்யத்தையும் மேடையிலும் ஊர்வல வண்டியிலும் ஏற்றிக் காட்டுகிறார்கள். வண்ணமும் முடியும் அப்படியே இருக்கின்றன, ஆனால் விரதம் இல்லை, தோற்றம் இல்லை, கை நீட்டி நிற்கும் ஊர் இல்லை. கோலக்காரர்களிலேயே பலர் இதை எதிர்க்கிறார்கள். அவர்கள் பக்கம்தான் நியாயம் என்று நினைக்கிறேன்.

ஊர் திரும்பும் முன் பறசினிக்கடவு போனேன். வளபட்டணம் ஆற்றங்கரையில் முத்தப்பன் என்னும் தெய்வத்தின் கோயில், மடப்புரை. இங்கே பருவக் கணக்கு இல்லை, ஆண்டு முழுக்கத் தெய்யம் உண்டு. முத்தப்பனுக்குக் கள்ளும் மீனும் படையல். நாய்கள் கோயிலுக்குள் தாராளமாகப் படுத்துக்கிடக்கின்றன. பிரசாதமும் முதலில் அவற்றுக்குத்தான். வருகிறவர்களுக்கு அவித்த பயறும் தேங்காய்ச் சில்லும் டீயும் கிடைக்கும், யார் எவர் என்று யாரும் கேட்பதில்லை.

வெள்ளாட்டம் என்னும் மாலை ஆட்டம் முடிந்து என் முறை வந்தது. அம்மா போன பிறகு அண்ணனோடு பேச்சு நின்றுபோனதைத் தமிழில்தான் சொன்னேன். வேறு மொழியில் அது எனக்கு வராது. முத்தப்பன் கையை விடாமல் கேட்டார். யார் மூத்தவர் என்று மட்டும் விசாரித்தார். அண்ணன் என்றேன். அப்படியானால் போகவேண்டியவன் நீதான் என்றார். பஸ் ஏறுவதற்குள் ஆற்றங்கரைப் படியில் உட்கார்ந்து அண்ணனுக்குப் போன் செய்தேன்.