ஒரு மில் பிசகினால்

பீரங்கிப் படைக்காரன் தான் சுடும் இலக்கைப் பெரும்பாலும் பார்ப்பதே இல்லை. அது மலைக்கு அந்தப் பக்கம் எங்கோ இருக்கும். அதைப் பார்ப்பவர் காலாட்படையோடு முன்னால் போயிருக்கும் ஓ.பி. அதிகாரி, அதாவது கண்காணிப்பு நிலை அதிகாரி. அவர் ரேடியோவில் சொல்வதை வைத்து கமாண்ட் போஸ்ட்டில் கணக்குப் போடுவார்கள். குழாய் எந்தப் பக்கம் திரும்ப வேண்டும், எவ்வளவு உயர வேண்டும், எந்த சார்ஜ் (வெடிமருந்தின் அளவு), எந்த ஃபியூஸ் (குண்டை வெடிக்க வைக்கும் கருவி) என்பது மட்டும் எங்களுக்கு வந்து சேரும்.

அந்த எண்தான் எங்கள் தொழில். வட்டத்தை 6400 மில்களாகப் பிரித்து அளக்கிறோம். ஒரு மில் பிசகினால் ஒரு கிலோமீட்டருக்கு ஏறக்குறைய ஒரு மீட்டர் விலகும். 20 கிலோமீட்டரில் 20 மீட்டர். நம் ஆட்கள் ஏறிக்கொண்டிருக்கும் சரிவுக்கு மேலே சுடும்போது அந்த 20 மீட்டர் உயிர்க் கணக்கு. அதனால் குழாயைக் குறிவைக்கும் லேயர் தனக்கு வந்த எண்ணைச் சத்தமாகத் திருப்பிச் சொல்வான். பீரங்கிக்குப் பொறுப்பான ஹவில்தாரை நம்பர் ஒன் என்போம். அவர் சரிபார்த்த பிறகே 'ரெடி' என்பார். எத்தனை அவசரத்திலும் இதைத் தாண்டக்கூடாது. தாண்டுகிறவனை நான் மதித்ததே கிடையாது.

மலையில் கணக்கே வேறு. காற்று மெலிந்திருப்பதால் குண்டு சமவெளியில் போவதைவிடத் தூரம் போகும். வெடிமருந்து குளிர்ந்திருந்தால் வேகம் குறையும், சுட்டுச் சுட்டுக் குழாய் தேய்ந்தாலும் குறையும். 1999இல் கார்கில் போரில், 40 கிலோவுக்கு மேல் எடையுள்ள 155 மி.மீ. குண்டுகளை ஒவ்வொன்றாகத் தூக்கிக் கொடுத்துச் சுட்டார்கள் எனக்கு மூத்தவர்கள். டைகர் ஹில்லை போஃபர்ஸ் பீரங்கிகள் நேராகவே குறிவைத்தன. எங்கள் படையில் அது அபூர்வம். திராஸில் உள்ள 5140 என்ற சிகரத்துக்கு 2022இல் 'கன் ஹில்' என்று பெயர் வைத்தார்கள். எங்கள் படைக்குத் தகுந்த மரியாதை.

காலாட்படைக்குக் கொடி எப்படியோ, எங்களுக்குப் பீரங்கி அப்படி. சுட்டு முடித்ததும் பசியோ தூக்கமோ அப்புறம்தான். கரி போகக் குழாயைத் துடைத்து, எண்ணெய் பூசி, குழாயின் பின்முனையை மூடும் பிரீச்சைக் கழற்றிப் பார்த்த பிறகே கை கழுவுவோம். யாரும் ஏவாமல் இதைச் செய்கிறவன்தான் நல்ல கன்னர்.

இந்தப் படையில் சேரப்போகும் தம்பிகளுக்கு ஒன்று சொல்கிறேன். காதடைப்பானைப் போடாமல் பீரங்கி பக்கம் நிற்காதீர்கள். வீரம் காட்டுவதாக நினைத்து அதைக் கழற்றிய பலருக்கு இன்று காது மந்தம். எங்கள் வேலையில் எண் வந்து சேர்வது காது வழியாகத்தான்.