555 குறிப்பேடு சொன்ன சாட்சி



ஐந்தாம் ஆண்டில் பயிலும் என் மாணவியின் தாயார் சென்ற பள்ளி விடுமுறையில் என்னைத் தேடி வந்தார். பதினொரு ஆண்டுகளாகக் குடியிருக்கும் வீட்டை இரண்டு வாரத்தில் காலி செய்ய வேண்டுமாம். வீட்டுக்காரர் காலமாகிவிட்டார், மகன் பூட்டோடு வந்து நிற்கிறார். "நீங்கள் வாடகைக்காரரே அல்லர். அப்பா இரக்கப்பட்டு இருக்கவிட்டார், அவ்வளவுதான்" என்பது அவர் வாதம்.

இச்சொல்லில்தான் சூட்சுமம் இருக்கிறது. வாடகைக்கு விடப்பட்ட வீடாயின், வாடகைக் காலம் முடிந்த பின்னரும் குடியிருப்பவரை நீதிமன்றத்தின் வழியாகவே வெளியேற்ற இயலும். 1950ஆம் ஆண்டு குறித்தவகை நிவாரணச் சட்டத்தின் 7(2)ஆம் பிரிவு அவ்வாறு கூறுகிறது. பூட்டுப் போடுவதற்கு அங்கே இடமில்லை. வாடகை உறவே இல்லையென்றால் அந்த அரணும் இல்லை.

எழுதிய ஒப்பந்தம் அந்த அம்மையாரிடம் இல்லை. "டீச்சர், இதுதான் இருக்கிறது" என்று பிளாஸ்டிக் பையிலிருந்து ஏழெட்டு 555 குறிப்பேடுகளை எடுத்து வைத்தார். மளிகைக் கடைக் கடன் எழுதுவோமே, அதே சிறு குறிப்பேடுதான். மாதம், தொகை, பக்கத்தில் பெரியவரின் சுருக்கொப்பம். அண்மைய பக்கங்களில் என் மாணவியின் கையெழுத்து. நான் சிவப்பு மையால் திருத்திப் பழகிய அதே சாய்ந்த எழுத்து. ஓரிடத்தில், "கூரை பழுது 80 வெள்ளி கழித்தது" என்றிருந்தது.

வழக்கறிஞர் அந்த வரியில்தான் விரலை வைத்தார். இரக்கத்தில் தங்கியவர் பழுதுச் செலவை எதிலிருந்து கழிப்பார்? எழுத்து யாருடையதாயினும் ஒப்பம் பெரியவருடையதல்லவா என்றார். மூன்றாண்டுக்கு மேற்படாத வாடகையை வாய்மொழியாகவே அளிக்கலாம் என்பது நம் நிலச் சட்டம். மாதவாடகைக்கு அது போதும். இருவர் வீட்டுக்காரர், வாடகைக்காரர் என நடந்துகொண்டமை காட்டப்பட்டால், அவ்வுறவு இல்லை அல்லது முடிந்துவிட்டது என்பவரே அதை மெய்ப்பிக்க வேண்டும் என்கிறது சாட்சியச் சட்டத்தின் 109ஆம் பிரிவு. அதுவரை அம்மையாரின் தலையில் இருந்த சுமை மகனின் தலைக்கு மாறுகிறது. வீடு என்றென்றைக்கும் அவருக்கே என்பதல்ல. முறையாக அறிவிப்புக் கொடுத்து வழக்காடினால் மகன் வீட்டைத் திரும்பப் பெறலாம். ஆனால் நடு இரவில் சாமான்கள் தெருவுக்கு வாரா.

ஒப்பந்தம் எழுதி வைத்திருக்கும் பெற்றோர் ஒன்றைக் கவனிக்க வேண்டும். முத்திரைத் தீர்வை செலுத்தாத தாளை நீதிமன்றம் சான்றாக ஏற்காது. பின்னர் செலுத்தினால் அபராதமும் சேரும்.

வழக்கறிஞரின் கடிதம் போனபின் மகன் பூட்டை எடுத்துக்கொண்டு போய்விட்டார். இம்மாத வாடகையை அம்மையார் பதிவுத் தபாலில் காசோலையாக அனுப்பியிருக்கிறார். "வாங்கினால் உறவை அவரே ஒப்புக்கொண்டதாக வாதாடலாம், வாங்காவிட்டாலும் தபால் ரசீது நம்மிடம் இருக்கிறது" என்று சிரித்தார் வழக்கறிஞர். பதில் இன்னும் வரவில்லை.