புதுச்சேரியில் பிறந்த இன்னொரு கல்கி

கல்கி என்றதும் தமிழ் வாசகருக்கு நினைவுக்கு வருவது ‘பொன்னியின் செல்வன்’. 1984 ஜனவரி 10 அன்று புதுச்சேரியில் பிறந்த ஒரு பிரெஞ்சுக் குழந்தைக்கு அந்தப் பெயர் வந்த வழி வேறு. அரவிந்தரிடம் ஈடுபாடு கொண்ட பிரெஞ்சுத் தம்பதி, திருமாலின் பத்தாவது அவதாரத்தின் பெயரை மகளுக்கு வைத்தார்கள். கல்கி கோச்லின். குடும்பப் பெயரைப் பிரெஞ்சுக்காரர்கள் ‘கெக்லான்’ என்பார்கள். ஈஃபிள் கோபுரத்தின் முதல் வரைபடத்தை 1884இல் தீட்டிய பொறியாளர் மோரிஸ் கோச்லினும் இந்த வம்சம்தான்.

முகம் ஒன்று, பேச்சு ஒன்று என்பது புதுச்சேரிக்குப் பழகிய விஷயம். பிரெஞ்சு ராணுவத்தில் வேலை பார்த்த ‘சொல்தா’ குடும்பங்கள் இன்றும் ஊரில் இருக்கின்றன. வீட்டில் தமிழ், பெட்டியில் பிரெஞ்சு பாஸ்போர்ட். பிரான்சின் அதிபர் தேர்தலுக்கு இங்கிருந்தே ஓட்டுப் போடுகிறார்கள். அவர்களை அப்படியே திருப்பிப் போட்டால் கல்கி.

சிறு வயது ஆரோவில்லில் கழிந்தது. பிறகு ஊட்டிக்குப் பக்கத்தில் கல்லட்டி. அங்கே அப்பா கிளைடர்களும் சிறு விமானங்களும் வடிவமைத்தார். ஆங்கிலம், தமிழ், பிரெஞ்சு என்று மூன்றும் காதில் விழ வளர்ந்த பெண்ணுக்கு இந்தி மட்டும் வரவில்லை. பதினெட்டு வயதில் லண்டன் போய் கோல்டுஸ்மித்ஸ் கல்லூரியில் நாடகம் படித்தார்; வார இறுதிகளில் ஓட்டலில் பரிமாறினார். நாடகத்தை அவர் பின்னாலும் விடவில்லை. பிரசாந்த் பிரகாஷுடன் சேர்ந்து எழுதிய ‘ஸ்கெலிட்டன் உமன்’ பரிசு பெற்ற நாடகம்.

வராத இந்திதான் அவரைத் தூக்கிவிட்டது. தேவதாஸ் கதையை இன்றைய காலத்துக்குக் கொண்டுவந்த ‘தேவ் டி’ என்ற இந்திப் படத்துக்காக அவருடைய புகைப்படத்தைப் பார்த்த இயக்குநர் அனுராக் காஷ்யப் முதலில் வேண்டாம் என்றார். நடித்துக் காட்டியதைப் பார்த்த பிறகு மனம் மாறினார். 1953 ‘தேவதாஸ்’ படத்தில் லலிதா ஏற்ற அதே சந்திரமுகி, 2009இல் கல்கியிடம் வந்து சேர்ந்தாள். சிறந்த துணை நடிகைக்கான ஃபிலிம்ஃபேர் விருதும் கிடைத்தது. அதன் பிறகும் வெள்ளைத் தோலுக்கென்று எழுதிய வேடங்களே வந்துகொண்டிருந்தால் என்ன செய்வது? கதையை எழுதுவதிலேயே கை வைத்தார். மும்பையில் அப்பாவைத் தேடி அலையும் பெண்ணைப் பற்றிய ‘தட் கேர்ள் இன் எல்லோ பூட்ஸ்’ படத்துக்குக் காஷ்யப்புடன் சேர்ந்து திரைக்கதை எழுதி, அவரே நடித்தார். ‘ஷாங்காய்’, ‘ஜிந்தகி நா மிலேகி தோபாரா’, ‘யே ஜவானி ஹை தீவானி’ என்று ஒன்றுக்கொன்று ஒட்டாத படங்கள் தொடர்ந்தன.

எல்லாவற்றுக்கும் மேலே ஒரு படம் நிற்கிறது. 2014இல் ஷோனாலி போஸ் இயக்கிய ‘மார்கரிட்டா வித் எ ஸ்ட்ரா’. மூளை முடக்குவாதம் உள்ள லைலா என்ற கல்லூரிப் பெண். இயக்குநரின் உறவினர் மாலினி சிப்பின் வாழ்க்கையிலிருந்து பிறந்த பாத்திரம் அது. சக்கர நாற்காலியிலேயே இருந்து பழகி, பேச்சுப் பயிற்சி எடுத்துத் தயாரானார் கல்கி. திரையில் அந்தப் பயிற்சி கண்ணில் படுவதில்லை. மடங்கிய மணிக்கட்டும், தொண்டையில் சிக்கி மெதுவாக வெளிவரும் சொற்களும், அவற்றுக்கு முன்னால் ஓடிவிடும் கண்களும்தான் தெரிகின்றன. பரிதாபம் கேட்காத கண்கள் அவை. குறும்பும் ஆசையும் கோபமும் அவற்றில் மாறி மாறி வருகின்றன.

லைலாவின் அம்மாவாக நடித்தவர் நம் ரேவதி. ஆண், பெண் இருவர் மேலும் தனக்கு ஈர்ப்பு உண்டு என்று மகள் சொல்ல வருகிறாள். அவள் சொன்ன ‘பை’ என்ற ஆங்கிலச் சொல்லை, வேலைக்காரியைக் குறிக்கும் ‘பாயி’ என்று எடுத்துக்கொள்கிறாள் அம்மா. நாளெல்லாம் வீட்டு வேலை செய்கிற தானும் ஒரு பாயிதான் என்கிறாள். சிரிப்பு வருகிறது, அடுத்த நொடியே வயிற்றைப் பிசைகிறது. இந்தப் படத்துக்காகக் கல்கிக்குத் தேசிய விருதில் நடுவர் குழுவின் சிறப்பு விருது கிடைத்தது.

தமிழ் சினிமா மட்டும் தாமதமாகவே விழித்தது. 2019இல் ‘நேர்கொண்ட பார்வை’யில் ஒரு பாட்டு. 2020இல் ‘பாவக் கதைகள்’ தொகுப்பில் விக்னேஷ் சிவன் இயக்கிய கதை. 2025 பொங்கலுக்கு வந்த ‘நேசிப்பாயா’வில் வழக்கறிஞர் வேடம். புதுச்சேரியில் பிறந்து நீலகிரியில் வளர்ந்த ஒரு நடிகைக்கு இது போதவே போதாது. ரேவதியும் கல்கியும் தாயும் மகளுமாக எதிரெதிரே உட்கார்ந்தபோது, இருவருக்கும் தெரிந்த தமிழை ஒதுக்கிவைத்துவிட்டுத்தான் பேச வேண்டியிருந்தது. அவர்கள் தமிழிலேயே பேசிக்கொள்ளும் காட்சியை இன்னும் யாரும் எழுதவில்லை.