மோனிக்கா என்னும் பெயர்

ஆகஸ்டு 27 வந்தால் பங்கின் தாய்மார்கள் புனித மோனிக்காவிடம் மன்றாடுகிறார்கள். நெறி தவறிய மகன் அகுஸ்தீனுக்காகப் பல்லாண்டுகள் கண்ணீர் வடித்த அன்னை அவர். ஆனால் அப்பெயரைக் கேட்டதும் நம் நினைவில் முதலில் எழுவது அந்தப் புனிதை அல்லர்; ஓர் ஆட்டக்காரி. வெட்கத்தோடுதான் இதை எழுதுகிறோம்.

1971இல் வந்த 'காரவான்' என்னும் இந்திப் படத்தில் மோனிக்காவாக ஹெலன் ஆடினார். இந்தியில் ஒரு சொல்லும் அறியாத இராயபுரத்துச் சிறுவர்களாகிய நாமும் அந்தப் பெயரை மட்டும் கூவக் கற்றுக்கொண்டோம். 1965இல் 'கும்நாம்' படத்தில் அவர் கிட்டி. 1966இல் 'தீஸ்ரி மஞ்சில்' படத்தில் ரூபி. அவ்விருவரும் கதை முடியுமுன்னரே கொல்லப்படுகிறார்கள். கவர்ச்சிக்குக் கிறிஸ்தவப் பெயரும் கவுனும், கற்புக்குச் சேலையும் குங்குமமும் என்று யாரோ பங்கிட்டுவிட்டார்கள் போலும்!

நம் தெருவில் சட்டைக்காரக் குடும்பம் ஒன்று இருந்தது. தந்தை இரயில்வேயில் பணியாற்றி மறைந்தவர். மூத்த மகள் துறைமுகத்தருகே ஓர் அலுவலகத்தில் தட்டச்சர். கவுன் அணிந்து, குடையோடு நடந்து செல்வார். ஞாயிறுதோறும் ஆலயத்தில் பாடகர் குழுவில் நின்ற அவருடைய பெயரை நாம் நன்கறிவோம். ஆயினும் தெருமுனையில் அவரைக் கண்டால் நம் கூட்டம் "மோனிக்கா!" என்றே கூவும். பீடச் சிறுவனாகத் திருப்பலியில் பதிலுரைத்த அதே வாய்தான்.

ஒரு நாள் அவருடைய தாயார் நம் வீட்டிற்கு வந்தார். எவரையும் குறைகூறவில்லை. மாலையில் பேருந்து நிறுத்தத்திலிருந்து மகளுக்குத் துணையாக நம்மை அனுப்ப இயலுமா என்று மட்டும் அன்னையிடம் கேட்டார். முதல் மாலையே அக்குரல் எழுந்தது. கூவுகிறவர்கள் நம் தோழர்கள். நடப்பதோ நாம் அவரருகில். "திரும்பிப் பாக்காதே தம்பி, நட" என்றார் அக்கா. ஆண்டுகள் சில கழிந்து அக்குடும்பம் ஆஸ்திரேலியா சென்றுவிட்டது.

நெடுங்காலத்திற்குப் பின்னரே ஹெலனின் வரலாற்றைப் படித்தோம். உலகப் போரின்போது, குழந்தைப் பருவத்தில், தாயோடு பர்மாவிலிருந்து அசாம் வரை பசியோடு நடந்து வந்தவர் அவர். 1942இல் அவ்வாறு நடந்து வந்த தமிழர்களின் துயரங்களை வடசென்னையில் கேட்டு வளர்ந்தவர்கள் நாம். திரையில் ஆடியவரும் அவ்வழி வந்தவர் என்று நாம் எண்ணியதே இல்லை. நடனம் பாவமன்று, உடன்படிக்கைப் பேழையின்முன் தாவீது அரசரும் ஆடினாரன்றோ? ஆடுகிறவளுக்கு ஒரு தாயும், வீடும், ஞாயிற்றுக்கிழமையும் உண்டென்பதை அந்தப் படங்கள் காட்ட மறுத்தன என்பதே நம் மனக்குறை.

2025 ஆகஸ்டு 14இல் வெளியான 'கூலி' என்னும் தமிழ்ப் படத்தில் ஒரு துறைமுகம். அங்கே செந்நிற உடையில் பூஜா ஹெக்டே ஆடும் பாட்டு 'மோனிக்கா'. இத்தாலிய நடிகை மோனிக்கா பெலுச்சியை நினைத்து இட்ட பெயராம். நாம் அறிந்த துறைமுகப் பெண்கள் விடியுமுன் காசிமேட்டில் மீனை ஏலம் எடுத்து, கூடையில் நீர் சொட்டச் சொட்டச் சுமந்து செல்கிறவர்கள். அவர்களை நோக்கி எந்தக் காமிராவும் திரும்புவதில்லை.

அம்மாதம் 27ஆம் நாள் திருப்பலிக்குப் பின், மறைக்கல்வி வகுப்புச் சிறுமி ஒருத்திக்குப் பெயர்த் திருநாள் வாழ்த்துக் கூறினோம். பள்ளியில் பையன்கள் பாடுவதால் 'மோனி' என்றே அழைக்கச் சொல்லியிருப்பதாகத் தலைகுனிந்து சொன்னாள். அந்த அக்காவின் கதையை அவளுக்குச் சொல்லத் தொடங்கினோம். கூவியவர்கள் யார் என்று அவள் கேட்டாள்.